குளிக்க முடியாத கடல்: சூமெக் பூங்காவில் நான்கு நாள்

முதல் நாள், வியாழன்

டென்ட்டுக்குள் படுத்துக்கொண்டு போனில் தட்டிக்கொண்டிருக்கிறேன். சிக்னல் வருவதும் போவதுமாக இருக்கிறது, இது எப்போது பதிவேறும் என்று தெரியாது. பக்கத்தில் அப்பா இரண்டு ஸ்வெட்டர், ஒரு மங்கி கேப், அதற்கு மேல் என் பழைய ஜாக்கெட் எல்லாம் மாட்டிக்கொண்டு தூங்குகிறார். ஜூலை மாதம். "வெயில் காலம்னுதானடே சொன்ன" என்று சாயங்காலத்திலிருந்து நாலு தடவை கேட்டுவிட்டார்.

அப்பா ஊரிலிருந்து வந்து ஆறு வாரம் ஆகிறது. முட்டத்தில் பிறந்து வளர்ந்தவர், தபால் துறையில் வேலை பார்த்த காலத்தில்கூட மாற்றல் வந்தால் கடல் பக்கமாகப் பார்த்துக் கேட்டு வாங்குவார். கலிஃபோர்னியாவில், ஃப்ரீமாண்ட் ஊரில் எங்கள் வீட்டுப் பக்கம் ஒரு ஏரி இருக்கிறது, தினமும் காலையில் அதைச் சுற்றி நடந்துவிட்டு வந்து "கொள்ளாம், ஆனா அலை இல்லியே" என்பார். சரி, ஒரு நல்ல கடலாகக் காட்டிவிடுவோம் என்று கிளம்பியதுதான் இது. மனைவிக்கு லீவு கிடைக்கவில்லை, அதனால் நான், அப்பா, ஒன்பது வயது மகள், மூன்றே பேர்.

வந்திருக்கும் இடம் சூமெக் ஸ்டேட் பார்க். கலிஃபோர்னியாவின் வட கோடியில், யுரீக்கா ஊரைத் தாண்டி இன்னும் 40 கிலோமீட்டர் மேலே. மொத்தமே 640 ஏக்கர், அதாவது ஒரு சதுர மைல். இந்தப் பக்கம் வருகிறவர்களில் முக்கால்வாசிப் பேர் இன்னும் கொஞ்சம் வடக்கே போய் ரெட்வுட் தேசியப் பூங்காவின் ராட்சத ரெட்வுட் மரங்களை அண்ணாந்து பார்த்துவிட்டுத் திரும்பிவிடுகிறார்கள். நானே இரண்டு தடவை இந்தத் திருப்பத்தைக் கடந்து போயிருக்கிறேன், நிறுத்தத் தோன்றியதில்லை.

101 நெடுஞ்சாலையில் ஏறக்குறைய 500 கிலோமீட்டர், நடுவில் சாப்பாடு, டீ, மகளுக்கு வாந்தி எல்லாம் சேர்த்து ஒன்பது மணி நேரம். வில்லிட்ஸ் தாண்டும் வரை 36 டிகிரி வெயில், ஏசி இல்லாமல் உட்கார முடியவில்லை. யுரீக்கா நெருங்க நெருங்க வண்டியின் வெப்பமானி இறங்கிக்கொண்டே வந்து 14இல் நின்றது. ஆழத்திலிருந்து குளிர்ந்த தண்ணீர் மேலே வருவதால் இந்தக் கடல் கோடையிலும் சில்லென்றிருக்கும், அதன் மேல் ஈரக்காற்று பட்டதும் மூடுபனியாகிவிடும். உள்நாட்டில் வெயில் ஏற ஏற அந்தப் பனியைக் கரைக்குள் இழுக்கும். ஆக, கலிஃபோர்னியா வெந்துகொண்டிருக்கும் நாளில்தான் இங்கே மங்கி கேப் வேண்டியிருக்கிறது. இதை அப்பாவுக்கு விளக்கினேன். "இதை வீட்டுலயே சொல்லியிருந்தா வேட்டியக் கொண்டு வந்திருக்க மாட்டேன்" என்றார்.

டென்ட் அடிக்கும்போதே இருட்டிவிட்டது. கடல் எங்கே என்று தெரியவில்லை, சத்தம் மட்டும் கீழேயிருந்து வந்துகொண்டிருந்தது. அப்பா கொஞ்ச நேரம் காது கொடுத்துக் கேட்டுவிட்டு, "பாறையில அடிக்கிற கடல். மணல் கொஞ்சந்தான்" என்று சொல்லிவிட்டுப் படுக்கப் போனார்.

இரண்டாம் நாள், வெள்ளி

முதலில் மிக்சர் விஷயம். ஒவ்வொரு முகாம் இடத்திலும் ஒரு அலமாரி வைத்திருக்கிறார்கள், சாப்பாட்டுச் சாமான் எல்லாவற்றையும் அதில் பூட்டிவிட வேண்டும், கரடி வரலாம் என்று போர்டு. எல்லாவற்றையும் ஒழுங்காகப் பூட்டினேன். ராத்திரி டீயோடு கொறிக்க எடுத்த மிக்சர் பாக்கெட்டை மட்டும் மேசையிலேயே விட்டுவிட்டேன். ஒரு மணி இருக்கும், கரகரவென்று சத்தம். கரடிதான் என்று நினைத்து டென்ட் ஜிப்பை அரை விரல் இறக்கிப் பார்த்தால், மேசை மேல் இரண்டு ரக்கூன்கள் எதிரெதிராக உட்கார்ந்து, கல்யாண வீட்டுப் பெரியவர்கள் மாதிரி நிதானமாகக் காராபூந்தி தின்றுகொண்டிருக்கின்றன. காலையில் போய்ப் பார்த்தேன், கருவேப்பிலையை மட்டும் ஒதுக்கி வைத்திருக்கின்றன. மகள் அரை மணி நேரம் சிரித்தாள்.

பத்து மணி வரை பனி விலகவில்லை. விளிம்புப் பாதையில் நடந்தோம், ஆங்கிலத்தில் ரிம் டிரெயில். குன்றின் விளிம்பை ஒட்டிக் காட்டுக்குள் ஏறக்குறைய இரண்டு மைல் போகிறது, அங்கங்கே கிளை பிரிந்து ஒவ்வொரு கடல் முனைக்கும் இறங்குகிறது. ரெட்வுட் நாட்டின் நடுவில் இருந்தும் இந்த விளிம்பில் ரெட்வுட் காட்டைக் காணோம், அந்த மரத்துக்கு உப்புக்காற்று ஆகாது. அதனால் இங்கே ராஜ்ஜியம் ஸிட்கா ஸ்ப்ரூஸுடையது. உப்பைத் தாங்கிக்கொண்டு, ஒரு பக்கமாகச் சாய்ந்து, தாடி தாடியாகப் பாசி தொங்க நிற்கிறது. காலடியில் இடுப்புயரத்துக்குப் பெரணி. கிளைகளிலிருந்து பனி சொட்டிக்கொண்டே இருப்பதால் மழை இல்லாமலே நனைந்தோம்.

வாழைப்பழ நத்தையையும் பார்த்தாயிற்று. ஓடில்லாத நத்தை, முக்கால் சாண் நீளம், கனிந்த பூவன் பழத்தின் மஞ்சள், மேலே கறுப்புப் புள்ளி வேறு. பாதையின் குறுக்கே போய்க்கொண்டிருந்தது. அது கடந்து முடிக்கும் வரை மகள் யாரையும் தாண்ட விடவில்லை. பின்னால் வந்த ஒரு வெள்ளைக்காரத் தம்பதியும் சேர்ந்து காத்து நின்றார்கள்.

ஆக்டோபஸ் மரங்கள் என்று ஒரு குட்டிப் பாதை இருக்கிறது, அதை விடவே கூடாது. விழுந்து கிடக்கும் பெரிய மரத்தின் மேல் ஸ்ப்ரூஸ் விதை விழுந்து முளைக்கிறது. தரையில் பெரணியும் புதரும் வெளிச்சத்தை மறைத்துக்கொண்டிருப்பதால் கட்டை மேல் முளைத்ததுதான் பிழைக்கிறது. வேர்கள் கட்டையின் இரண்டு பக்கமும் வழிந்து மண்ணைப் பிடிக்கின்றன, கொஞ்ச காலத்தில் கட்டை மக்கிப் போய்விடுகிறது. மிச்சம் நிற்பது, நடுவில் ஒன்றுமே இல்லாமல் ஆளுயர வேர்க்கால்களில் நிற்கும் மரம். மகள் ஒரு மரத்தின் அடியில் இந்தப் பக்கம் நுழைந்து அந்தப் பக்கம் வந்தாள். அப்பா சுற்றிச் சுற்றிப் பார்த்துவிட்டு, "நம்ம தாழை மாதிரி இருக்கு மக்கா" என்றார். தாழை காற்றைத் தாங்கத் தானாகவே கால் விடுகிறது, இதற்குக் கீழே ஒரு பிணம் கிடந்திருக்கிறது என்றேன். "ரெண்டுக்கும் நிக்கணும், அவ்வளவுதானே" என்று போய்விட்டார்.

மத்தியானம் பனி கிழிந்தது. அப்போது வெட்டிங் ராக் பாறையின் மேல் இருந்தோம். கடலுக்குள் துருத்திக்கொண்டிருக்கும் ஒரு பெரிய பாறைத் திமில், படி இறங்கிப் பின் படி ஏறிப் போக வேண்டும். 1930களில் இங்கே காவலாக இருந்தவர் இதன் உச்சியில் கல்யாணம் செய்துகொண்டாராம், பெயர் அப்படி வந்தது. மேலே சேர்ந்தபோது வெள்ளைச் சுவர் தவிர எதிரே ஒன்றுமில்லை. அப்புறம் மேற்கில் ஒரு நீலக் கோடு தெரிந்தது, ஐந்து நிமிடத்தில் திரை விலகிய மாதிரி மொத்தக் கடலும் வந்துவிட்டது. கறுப்புப் பாறைகள், அவற்றின் மேல் மூட்டை மூட்டையாகக் கடற்சிங்கங்கள், குரைப்புச் சத்தம் தெருநாய்ச் சண்டை மாதிரி. வடக்கே பிக் லகூன் வரை ஒரே வளைவாக மணல்.

அப்பா கம்பியைப் பிடித்துக்கொண்டு ரொம்ப நேரம் நின்றார். படம் எடுக்கிறேன், திரும்புங்கள் என்றால் திரும்பவில்லை. "முட்டத்துலயும் இதே மாதிரி பாறைதான். ஆனா படகு ஒண்ணுமே இல்லியே இங்க" என்றார். உண்மைதான். கண்ணுக்கு எட்டிய தூரம் வரை ஒரு படகு இல்லை. நான் அதுவரை கவனிக்கவே இல்லை.

மூன்றாம் நாள், சனி

இன்றைக்கு நிறைய இருக்கிறது, நீளமாகத்தான் போகும்.

இந்தப் பூங்காவின் பெயர் 2021 வரை பேட்ரிக்ஸ் பாயின்ட். 1851இல் இந்த முனையில் நிலம் பதிந்துகொண்ட பேட்ரிக் பீகன் என்பவரின் பெயர். இங்கிருந்த பழங்குடி மக்கள் பலரைக் கொன்றதாகக் குற்றம் சாட்டப்பட்டவர். இடம் யூரோக் மக்களுடையது, அவர்கள் இதை எப்போதும் சூமெக் என்றுதான் சொல்லி வந்திருக்கிறார்கள். அவர்கள் கேட்டுக்கொண்டதன் பேரில் 2021 செப்டம்பரில் மாநிலப் பூங்கா ஆணையம் பெயரை மாற்றியது. நெடுஞ்சாலையிலிருந்து பிரிந்து நாங்கள் உள்ளே வந்த சாலையின் பலகையில் பழைய பெயர்தான் இன்னும் இருக்கிறது. நம் ஊரில் தெருப்பெயர் மாறியும் ஆட்டோக்காரரிடம் பழைய பெயரைத்தான் சொல்லுகிறோம், அது வேறு கதை, ஆனால் இங்கே பழையது என்று சொல்வதே 170 வருடப் பெயரை. அதற்கு முன்னால் இருந்ததுதான் இப்போது திரும்பி வந்திருப்பது.

உள்ளே சூமெக் கிராமம் என்று ஒரு திடல் இருக்கிறது. 1990இல் யூரோக் மக்களே கட்டி எழுப்பியது. ரெட்வுட் பலகைகளால் ஆன தாழ்ந்த வீடுகள், ஒரு நீராவிக் குளியல் வீடு, நடனக் குழி, ரெட்வுட் அடிமரத்தைக் குடைந்த தோணி. சும்மா காட்சிக்கு வைத்ததில்லை, சடங்கும் நடனமும் இன்றும் நடக்கும் இடம். வீட்டின் வாசல் ஒரு வட்டத் துளை. தவழ்ந்து நுழைந்தால் உள்ளே தரை பள்ளமாக இறங்குகிறது. மகள் ஒரே தாவலில் உள்ளே போய்விட்டாள், அப்பா முட்டி வலியோடு மெதுவாகப் போனார், நான் பாதியில் ஜாக்கெட் மாட்டிக்கொண்டு ஒரு நிமிடம் அங்கேயும் இல்லாமல் இங்கேயும் இல்லாமல் கிடந்தேன். உள்ளே இருட்டும் மரவாசனையும். வெளியே அடித்த காற்று ஒரு துளி உள்ளே வரவில்லை. அப்பா பலகையைத் தட்டிப் பார்த்தார், பொருத்தத்தில் விரலை ஓட்டினார்.

தோணியை அதைவிட நேரம் பார்த்தார். அடிப்பக்கம் குனிந்து, விளிம்பைக் கையால் அளந்து. "வள்ளம்" என்றார். எங்கள் பக்கத்தில் குடைந்த மரத்துக்கு அதுதான் பெயர். "கட்டுமரம் மாதிரி கட்டுனது இல்ல, இது கொடஞ்சது. ஒரே மரம்."

யூரோக் மக்களின் பழங்கதை ஒன்று இருக்கிறது, வருவதற்கு முன்னால் படித்து வைத்திருந்தேன், நடனக் குழியின் ஓரத்தில் உட்கார்ந்து இருவருக்கும் சொன்னேன். இடி இந்தச் சூமெக்கில்தான் குடியிருந்ததாம். அப்போது கடல் இல்லை, மேற்கே வெறும் புல்வெளி. இங்கே இப்படிப் புல்லாகக் கிடந்தால் மனிதர்கள் எதைத் தின்று பிழைப்பார்கள், தண்ணீர் வேண்டுமே என்று இடிக்குக் கவலை. நிலநடுக்கத்திடம் போய்ச் சொல்கிறது. நிலநடுக்கம் ஓடுகிறது, அது ஓடிய இடமெல்லாம் நிலம் தாழ்கிறது, தாழ்ந்த இடத்தில் தண்ணீர் நிரம்புகிறது. சால்மன் வருகிறது, சீல் வருகிறது, திமிங்கிலம் வருகிறது. இனி மனிதர்கள் பிழைத்துக்கொள்வார்கள் என்று இரண்டுக்கும் நிம்மதி.

மகளுக்கு நிலநடுக்கம் ஓடுவது ரொம்பப் பிடித்துவிட்டது, எழுந்து திடலைச் சுற்றி ஓடிக் காட்டினாள். அப்பா பேசாமல் இருந்தார். கொஞ்சம் கழித்து, "நம்மகிட்ட இருக்கிற கதை எல்லாம் கடல் எடுத்துக்கிட்டுப் போனது. பஃறுளி ஆறு போச்சு, குமரிக்கோடு போச்சு. இவங்க கதையில கடலைக் கொண்டுவந்து வச்சிருக்கானுக, சோறு போடுறதுக்கு" என்றார்.

இதற்கு நான் என்ன சொல்வது. 2004 டிசம்பரில் மணக்குடிப் பாலத்தைத் தண்ணீர் தூக்கி எறிந்ததை மறுநாளே போய்ப் பார்த்தவர் அவர். குளச்சலில் அவருக்குத் தெரிந்த குடும்பங்கள் போயின. அதற்கப்புறம் ஒரு வருடம் கடற்கரைக்கே போகவில்லை. இந்தக் கரைக்கும் அந்த அனுபவம் புதிதில்லை. கடலடியில் இரண்டு நிலத்தட்டுகள் ஒன்றன் கீழ் ஒன்று நுழையும் இடம் இந்தக் கரைக்கு நேர் எதிரே ஓடுகிறது. 1700 ஜனவரி 26 அன்று அது உடைந்து, அலை பசிபிக்கைக் கடந்து ஜப்பான் வரை போயிருக்கிறது, அங்கே எழுதி வைத்த குறிப்புகளிலிருந்துதான் தேதியே கிடைத்தது. 1964இல் அலாஸ்கா நிலநடுக்கத்தின் அலை இங்கிருந்து வடக்கே கிரசென்ட் சிட்டியில் 11 பேரைக் கொண்டுபோனது. இவ்வளவு ஆடும் நிலத்தில் இருந்துகொண்டு, நிலநடுக்கத்தைச் சோறு போட்ட சாமியாகக் கதை சொல்லியிருக்கிறார்கள்.

இன்னொன்றும் உண்டு. மனிதர்கள் உலகத்தில் நிரம்புவதற்குச் சற்று முன்னால் ஓங்கில்களின், அதாவது டால்பின்களின், ஆவிகள் சூமெக்கில் குடியேறினவாம். சரியாகச் சொன்னால் ஓங்கிலின் சின்னத் தம்பி, மூக்கு மழுங்கிய இனம். தெற்கே டிரினிடாட் வரை வரிசையாகக் கடலில் நிற்கும் ஏழு பாறைகள் சாவில்லாதவர்களின் கடைசி இருப்பிடம் என்கிறார்கள். மகள் பாறைகளை எண்ணப் பார்த்தாள். ஒரு தடவை ஐந்து வந்தது, ஒரு தடவை ஒன்பது.

சாயங்காலம் அகேட் கடற்கரை. முகாமிலிருந்து செங்குத்தாக இறங்கும் வழி, மண் சரிவு, படிகள், திருப்பங்கள். இறங்கும் இடத்தில் சுனாமிப் பலகை: அலைக்கு முன் மலை மேல் ஓடும் மனிதன். பக்கத்திலேயே இன்னொரு பலகை, கடலுக்கு முதுகு காட்டாதே என்று. அப்பா இரண்டையும் நின்று பார்த்தார். பிறகு இறங்கினார், சொல்லாமலே செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டு தண்ணீர் ஓரம் போனார். அலை கணுக்கால் தொட்டதும் துள்ளித் திரும்பி வந்ததைப் பார்க்க வேண்டுமே. "ஐஸ்ஸுடே!" மகளுக்கும் எனக்கும் அடக்க முடியவில்லை. ஒரு கடல்கரைக்காரன் கடலில் கால் வைத்துவிட்டு ஓடி வந்தான் என்று ஊரில் போய்ச் சொல்லாதே என்று சத்தியம் வாங்கிக்கொண்டார். ஊரில் யாரும் இதைப் படிக்க மாட்டார்கள் என்று நம்புகிறேன்.

இங்கே மணல் கிடையாது என்றே சொல்லலாம், மிளகு, கொண்டைக்கடலை, கோலிக்குண்டு அளவில் கூழாங்கற்கள். அலை திரும்பும்போது அத்தனையும் உருண்டு, ஒரு லோடு அரிசியைக் கொட்டுகிற மாதிரி ஒரு சத்தம். இவற்றுக்கு நடுவில் அகேட் கிடக்கிறது. எரிமலைப் பாறையின் பொந்துகளில் சிலிக்கா கரைந்த தண்ணீர் படலம் படலமாகப் படிந்து கல்லானது. சுற்றியிருந்த பாறை தேய்ந்து போனாலும் இது கடினமானதால் மிஞ்சிவிடுகிறது. பக்கத்தில் ஒரு பாட்டி முழங்கால் பூட்ஸோடு கல் பொறுக்கிக்கொண்டிருந்தார், அவர்தான் சூட்சுமம் சொன்னார்: கல்லைத் தேடாதே, சூரியனைப் பார்த்து நட, உள்ளே விளக்கு எரிகிற கல்லை மட்டும் எடு. எட்டு மணி வெயில் தாழ்வாக வந்துகொண்டிருந்தது. சூரியனைப் பார்த்துக் குனிந்ததும், நனைந்த கறுப்புக் கற்களுக்கு நடுவே அங்கே ஒன்று இங்கே ஒன்று, தேன் சொட்டு மாதிரி. அதன் பிறகு வெளிச்சம் போகும் வரை எங்கள் மூவருக்கும் தலையே நிமிரவில்லை.

அப்பா பேனாக்கத்தியால் ஒவ்வொன்றையும் கீறிப் பார்த்தார். கீறல் விழுந்தால் அகேட் இல்லை, தூரப் போடு. நொய்யல் கரையில் கொடுமணலில் அகழாய்வு செய்தபோது இதே அகேட்டையும் அதன் சிவப்புத் தங்கையான சூதுபவளத்தையும் மணியாகத் தேய்த்த பட்டறை கிடைத்ததே, ஞாபகம் இருக்கிறதா என்றேன். "ரெண்டாயிரம் வருசம் முந்தி அவன் இதுல ஓட்டை போட்டிருக்கான். நமக்குக் கீறல்கூட விழ மாட்டேங்கு" என்று கத்தியை மடக்கினார். மகள் பொறுக்கியது ஒரு தொப்பி நிறைய. அதில் முக்கால்வாசி அலை தேய்த்த கண்ணாடித் துண்டு. அதைச் சொல்லவில்லை.

நான்காம் நாள், ஞாயிறு, வீட்டிலிருந்து

டென்ட்டை ஈரத்தோடு சுருட்டியதில் கார் முழுக்கப் பாசி வாசனை. கிளம்புவதற்கு முன் செரிமோனியல் ராக் ஏறினோம். காட்டுக்கு நடுவில் நிற்கும் ஒரு தனிப் பாறை, அப்பா மேலே ஏறி மூச்சு வாங்கிக்கொண்டே, "இது கடல்ல நிக்க வேண்டிய பாறைல்லா" என்றார். எனக்கு ஆச்சரியம், ஏனென்றால் அதுவேதான். ஒரு காலத்தில் கடலுக்குள் நின்றது, நிலம் மேலே எழும்பிக் கடல் விலகியதால் இப்போது பெரணிக்கு நடுவில் நிற்கிறது. எப்படித் தெரியும் என்றேன். "பாத்தா தெரியாதா."

போகிற வழியில் டிரினிடாட்டில் நிறுத்தினோம். 1775இல் திரித்துவத் திருவிழா அன்று ஸ்பானியர்கள் வந்து இறங்கியதால் அந்தப் பெயர். சின்ன ஊர், நல்ல காபி, அவ்வளவுதான். ஆனால் மலைமுனையின் மறைவில் விரிகுடா, அதில் இருபது முப்பது மீன்பிடிப் படகுகள் மிதவையில் கட்டி நின்றன. அப்பா முகம் மலர்ந்ததை மூன்று நாளில் அப்போதுதான் முழுசாகப் பார்த்தேன். படகுத்துறைப் பாலத்தின் நுனி வரை நடந்து போய், ஒவ்வொரு படகாகப் பார்த்து, எது ஓட்டை, எது நன்றாக வைத்திருக்கிறான் என்று மகளுக்கு வகுப்பு எடுத்தார். நண்டுக்கூண்டுகள் அடுக்கியிருந்த இடத்தில் ஒரு மீனவரிடம் தமிழிலும் கையாலும் பேசி, கூண்டின் வாய் எந்தப் பக்கம் என்று தெரிந்துகொண்டார்.

நீங்கள் போவதானால்: கோடையில் முகாம் இடம் மாதக்கணக்கில் முன்பே பதிவாகிவிடும். விறகை ஈரமில்லாமல் மூடி வையுங்கள், நாங்கள் இரண்டாம் நாள் உப்புமாவைப் புகையில்தான் சாப்பிட்டோம். மிக்சரைப் பூட்டுங்கள்.

வீட்டுக்கு வந்து குளித்துவிட்டு வந்து பார்த்தால் அப்பா பால்கனியில் போனில் பேசிக்கொண்டிருக்கிறார், முட்டத்து நண்பரோடு. ஊரில் அப்போது காலை. மேசையில் கைக்குட்டை விரித்து, அதில் கற்கள் பெரியதிலிருந்து சின்னதாக வரிசை.

"ஆமா, கடலுக்குத்தான் போனோம். நல்ல கடல்... இல்லடே, குளிக்கல்ல, குளிக்க முடியாது... மீனா? மீன் ஒண்ணும் வாங்கல்ல... மூணு நாள் என்ன செஞ்சியான்னா..." கொஞ்சம் யோசித்தார். "கல்லு பெறக்கினேன்."